பட்டிக்காட்டுப் பாட்டு என்றார்கள்

அவையோருக்கு வணக்கம்.

இந்தோனேசிய இசை என்றதும் உங்களில் பலர் காமெலான் என்ற மரபு வாத்தியக் குழு இசையை எதிர்பார்த்து வந்திருப்பீர்கள். நான் பேச வந்தது டங்டுட் பற்றி. கல்யாணப் பந்தலிலும் நெடுந்தூரப் பேருந்திலும் சந்தையிலும் அந்த மக்கள் கேட்கிற பாட்டு அதுதான்.

நம் காதுக்கு அது அந்நியமாகவே படாது. 1950களில் அங்கே ஓடிய இந்திப் படப் பாட்டுகளின் மெட்டையும் தபேலா நடையையும் மலாய் இசைக்குழுக்கள் சுவீகரித்துக்கொண்டன. 1970களில் பாடகர் ரோமா இராமா அதில் மின்கிதாரை ஏற்றினார். 1977 தேர்தலில் அவர் எதிர்த்தரப்புக்காக மேடையேற, அரசுத் தொலைக்காட்சி பத்தாண்டுக்கு மேல் அவருக்குக் கதவடைத்தது. ரசிகர் கூட்டம் குறையவில்லை.

படித்தவர்கள் மட்டும் இதைப் பட்டிக்காட்டுப் பாட்டு என்று ஒதுக்கியே வைத்தார்கள். கிழக்கு ஜாவாவில் கோப்லோ என்று ஒரு வேக நடை பிறந்தது. கெண்டாங் என்ற மத்தளம் வாசிப்பவர் பாடகியின் அசைவிலேயே கண்ணை வைத்திருப்பார். இடுப்பு வெட்டுகிற இடத்தில் அடி விழும். ஊர்க்காரர்கள் மேடையேறி, ஆடிக்கொண்டே ஒவ்வொரு பண நோட்டாகப் பாடகியிடம் நீட்டுவார்கள். அந்த மண்ணிலிருந்து வந்த பாடகி இனுல் தாரத்திஸ்தாவை, அவருடைய இடுப்பாட்டத்துக்காக, 2003இல் கடுமையாகக் கண்டித்தவர்களில் ரோமா இராமாவும் ஒருவர். கதவடைப்பின் வலி தெரிந்தவரே அப்படிச் செய்தாரே என்பது எனக்கு இன்றும் ஆறாத வருத்தம்.

பாடகர் திதி கெம்போட்டைப் பற்றிச் சொல்லாமல் நான் இறங்க மாட்டேன். சோலோ நகரத்தில் தெருவில் பாடிப் பிழைத்தவர். ஜாவானிய மொழியில்தான் பாடினார். அவருடைய புகழ்பெற்ற பாட்டு ஒன்று சோலோவின் பலாப்பான் ரயில் நிலையத்தில் நடக்கிறது. கொஞ்ச நாளில் திரும்பிவிடுவேன் என்று சொல்லிப் போனவர் ஒரு சேதிகூட அனுப்பவில்லை. கதை அவ்வளவுதான். இருபது வருடம் கழித்து, 2019இல், நகரத்து இளைஞர்கள் அந்தப் பாட்டுகளைக் கண்டெடுத்தார்கள். கல்லூரிப் பையன்கள் கூச்சமில்லாமல் கூட்டத்தில் நின்று அழுதுகொண்டே கூடப் பாடினார்கள். ஆண்பிள்ளை அழக்கூடாது என்று வளர்க்கிற சமூகத்தில் இது சாதாரண விஷயமா? 2020 ஏப்ரலில், கொரோனா முடக்கத்தின்போது, தொலைக்காட்சியில் பாடி நிவாரணத்துக்கு 700 கோடி இந்தோனேசிய ரூபியாவுக்கு மேல் திரட்டினார். மே 5ஆம் தேதி காலமானார். வயது 53.

2022 சுதந்திர தின விழாவில், ஜகார்த்தா அதிபர் மாளிகையில், கிழக்கு ஜாவாவின் பன்யுவாங்கியிலிருந்து வந்த 12 வயதுச் சிறுவன் ஜாவானிய மொழியில் ஒரு கோப்லோ பாட்டுப் பாடினான். அமைச்சர்கள் எழுந்து ஆடினார்கள்.

மொழி புரியாதே என்று தயங்காதீர்கள். சுமத்ராவிலும் பாப்புவாவிலும் ஜாவானியம் தெரியாதவர்கள் ஏராளம். அவர்களும் இந்தப் பாட்டுகளைக் கூடவே பாடுகிறார்கள். திதி கெம்போட்டின் ரயில் நிலையப் பாட்டிலிருந்து தொடங்குங்கள்.