எரிந்துபோன ஆஸ்கர்

நடுவர் அவர்களே, வணக்கம். ஒளிப்பதிவாளருக்குப் பெருமை சேர்ப்பது வாங்கிய விருதா, படம்பிடித்த மண்ணா என்று கேட்டிருக்கிறீர்கள். மண்தான் என்று சொல்ல வந்திருக்கிறேன்.

எனக்கு முன் பேசிய எதிரணித் தம்பி, "ஸோர்பா தி கிரீக் படத்தின் ஒளிப்பதிவுக்கு ஆஸ்கர் கிடைக்காவிட்டால், ஒளிப்பதிவாளர் வால்டர் லாசலி என்ற பேரையே இந்த மேடையில் யாரும் சொல்லியிருக்க மாட்டோம்" என்று போட்டார் ஒரு போடு! நானும் கைதட்டினேன், நன்றாகத்தான் பேசினார். ஆனால் ஒரு வருஷம் பின்னால் போய்ப் பார்த்திருக்க வேண்டும். 1963-ல் லாசலி ஒளிப்பதிவு செய்த டாம் ஜோன்ஸ், சிறந்த படத்துக்கான ஆஸ்கரை வாங்கியது. மொத்தம் 10 பரிந்துரைகள். அதில் ஒளிப்பதிவு? இல்லவே இல்லை! படம் பிரமாதமாம், பிடித்தவர் மட்டும் கண்ணில் படவில்லையாம். இந்தத் தராசில் வைத்தா தம்பி, ஒரு மனிதரை நிறுக்கிறீர்கள்?

சரி, மண்ணுக்கு வருவோம். லாசலி கிரேக்கர் இல்லை. 1926-ல் பெர்லினில் பிறந்து, நாஜிகளிடமிருந்து தப்பி 1939-ல் இங்கிலாந்து போனவர். வெயில் அடித்தால் செய்தியாகிற நாடு அது! அங்கே ஸ்டுடியோவில் கிளாப் பலகை தட்டும் பையனாகத் தொடங்கியவர், இயக்குநர் கக்கோயானிஸோடு சேர்ந்து கிரேக்கத்தில் கேமராவை நட்டார். 1956-ல் வந்தது எ கேர்ள் இன் பிளாக். ஹைட்ரா தீவு. சுண்ணாம்பு அடித்த சுவர், அதன்மேல் உச்சி வெயில், முன்னால் கறுப்பு உடுத்திய பெண். சுவருக்கு ஒளி அளந்தால் முகம் இருண்டுபோகும். முகத்துக்கு அளந்தால் சுவர் வெளுத்துப்போகும். கறுப்பு வெள்ளை ஃபிலிமில் இதைச் சமாளிக்க எந்த நடுவர் குழு சொல்லித்தரும்? 1962-ல் எலெக்ட்ரா. மைசீனி என்ற பழைய கிரேக்க ஊரின் பழங்கல், காய்ந்த பொட்டல், அதில் கறுப்புத் துணி போர்த்திய பெண்கள் கூட்டம். துக்கத்தை வசனம் சொல்வதற்கு முன்பே அந்த வெளிச்சம் சொல்லிவிடுகிறது. அப்புறம்தான் 1964-ல் ஸோர்பா. எட்டு வருஷம் வெயிலில் நின்று படித்தவருக்கு 1965-ல் கையில் ஒரு சான்றிதழ் கொடுத்தார்கள், அவ்வளவுதான்.

அந்த ஆஸ்கர் சிலையை அவர் என்ன செய்தார் தெரியுமா? ஸோர்பாவின் கடைசி நடனத்தை எடுத்த கிரீட் தீவின் ஸ்டாவ்ரோஸ் கடற்கரையில், ஒரு சாப்பாட்டுக் கடையில் வைத்துவிட்டார். மீன் சாப்பிட வந்தவர்களெல்லாம் ஆஸ்கரைப் பார்த்தார்கள்! 2012-ல் கடை தீப்பிடித்தது, சிலையும் போயிற்று. கறுப்பு வெள்ளை ஒளிப்பதிவுக்கென்று தனியாக இருந்த அந்த விருதையே, ஆஸ்கர் கொடுக்கும் அகாதெமி 1960-களிலேயே மூடிவிட்டது.

கடற்கரை இருக்கிறது, நடுவர் அவர்களே. வயதான காலத்தில் லாசலி குடியிருந்ததும் அந்தப் பக்கம்தான்; 2017-ல் கண்மூடியதும் கிரீட்டில்தான். ஆஸ்கர் கொடுத்த ஊருக்கு அவர் குடிபோகவில்லை என்பதை மட்டும் தம்பி குறித்துக்கொள்ளட்டும்.