சாவி யார் கையில்?

ஹட்டன், தலவாக்கலை, பொகவந்தலாவை என இலங்கை மலையகத் தோட்டங்களில் இருந்து வந்திருக்கும் தம்பி தங்கைகளே, ஆசிரியர்களே, வணக்கம்.

ஹாலிவுட் என்றதும் கதையையும் நட்சத்திரங்களையும்தான் பேசுகிறோம். பெரிய ஸ்டூடியோக்களின் பிடி, படம் எந்த வடிவத்தில், எப்போது, எந்தத் திரைக்குப் போகவேண்டும் என்ற விதிகளில்தான் இறுகியிருக்கிறது.

முன்பு தியேட்டர்களே அவர்களுக்குச் சொந்தம். நல்ல படம் ஒன்று வேண்டுமானால், பார்க்காத படங்களையும் கட்டாகச் சேர்த்து எடுக்கவேண்டும். 1948இல் அமெரிக்க உச்ச நீதிமன்றம் பாரமவுண்ட் ஸ்டூடியோ மீதான வழக்கில் அதற்குத் தடை போட்டது. ஆனால் 2002இல் ஸ்டூடியோக்கள் ஒன்றுகூடி, டிஜிட்டல் திரையிடலுக்கு விதி எழுதத் தொடங்கின; 2005இல் அது வெளியானது. இன்று படம் பூட்டிய கோப்பாக வருகிறது. திறக்கும் சாவி தனியாக வரும். அந்தச் சாவி, தியேட்டரில் படத்தை ஓட்டும் கணினியான ஒரே ஒரு சர்வருக்கு, இத்தனையாம் தேதி இத்தனை மணி முதல் இத்தனை மணி வரை என்று செய்யப்பட்டது. சர்வரை மாற்றிவிட்டு விநியோகஸ்தருக்குச் சொல்ல மறந்தால், சனம் உட்கார்ந்திருக்கும், படம் ஓடாது. இன்னொரு வாரம் ஓட்ட ஆசைப்பட்டாலும் புதுச் சாவி கேட்டுத்தான் ஆகவேண்டும்.

அடுத்தது ஒலி. வசனத்தை நீக்கிவிட்டு இசையும் மற்ற ஓசைகளும் மட்டும் உள்ள தடம் ஒன்றை அவர்கள் எப்போதும் தனியே செய்து வைக்கிறார்கள். அதன்மேல் எந்த மொழிக் குரலையும் ஏற்றலாம். தமிழ்க் குரல் பெரும்பாலும் சென்னையில் ஏறுகிறது. நம் பிள்ளைகள் கேட்பது அந்தப் பேச்சை. லயத்துப் பேச்சு, நம் தோட்ட வரிசை வீடுகளின் பேச்சு, அங்கே இல்லை என்பது எனக்குப் பெரிய வருத்தம்.

அதனால் நம் கதையை நம் பேச்சிலேயே எடுங்கள். எடுக்கும்போதே வசனமில்லாத அந்தத் தடத்துக்கும் வழி செய்யுங்கள். நடிகரின் சட்டை மைக்கில் பீலிக் குழாயில் கொட்டும் தண்ணீர்ச் சத்தமும் பேச்சோடு கலந்துவிடும். பின்னால் வசனத்தை நீக்கினால் தண்ணீர்ச் சத்தமும் போய்விடும். ஆள் நடப்பார், காலடி கேட்காது. ஒவ்வொரு காலடியையும் ஸ்டூடியோவில் மறுபடி செய்யச் செலவு தாங்காது. ஆகவே ஒவ்வொரு இடத்திலும் எல்லோரும் வாய் மூடி, ஒரு நிமிடம் அந்த இடத்தின் ஓசையை மட்டும் பதியுங்கள். தகரத்தில் விழும் மழை, கொழுந்து கிள்ளும் சத்தம் இரண்டையும் மைக்கை நெருக்கி வைத்துத் தனியாக எடுங்கள். தேநீர்க்கடை ரேடியோவை நிறுத்திவிட்டே படம் பிடியுங்கள். வசனத்தோடு ஒட்டிய சினிமாப் பாட்டுக்கு உரிமை வாங்காவிட்டால், படங்களை வெளியிடும் இணையத் தளங்கள் உங்கள் படத்தை மறுக்கலாம்.

போனில் எடுப்பவர்கள் முதலிலேயே விநாடிக்கு 24 பிரேம், அதாவது 24 படங்கள், என்று நிலையாக வையுங்கள். அந்த வேகம் இடையில் மாறினால் உதடும் குரலும் விலகிப்போகும். வசனம், இசை, ஓசை மூன்றையும் தனித்தனிக் கோப்பாக இரண்டு டிஸ்கில் பிரதி எடுத்து, இரண்டு வேறு வீடுகளில், ஈரம் படாத இடத்தில் வையுங்கள்.