பீஷ்மர் கேட்டு வாங்கிய மரணம்

பெரியோர்களே, தாய்மார்களே!

தகப்பனுக்குச் சத்தியவதியை மணமுடித்து வைக்க, பின்னாளில் பீஷ்மர் எனப் பெயர் பெற்ற தேவவிரதன் அரியணையையும் இல்லறத்தையும் துறந்தான். நெகிழ்ந்துபோன சந்தனு, "நீயாக விரும்பினாலன்றி மரணம் உன்னை அண்டாது" என்று வரம் கொடுத்தார். அந்த வரத்தை வைத்துக்கொண்டு பீஷ்மர் எதையெல்லாம் பார்த்தார்! தம்பிகள் இருவரும் பிள்ளையில்லாமல் மாண்டார்கள். பாண்டு காட்டில் மாண்டான். பேரன்மார் கூடிய சபையில் திரௌபதி நியாயம் கேட்டபோது, "தர்மத்தின் போக்கு சூட்சுமமானது" என்று சொல்லிவிட்டு உட்கார்ந்திருந்தார். எத்தனை முறை படித்தாலும் எனக்கு மனசு ஆறாத இடம் அது.

போர் தொடங்குமுன் காலில் விழுந்த தருமனிடம், "மனிதன் பொருளுக்கு அடிமை, கௌரவர்கள் என்னைப் பொருளால் கட்டிப்போட்டார்கள்" என்கிறார். அந்தக் கட்டை அறுக்க அவருக்கு மரணம் ஒன்றுதான் வழி என்று நான் நினைக்கிறேன். ஒன்பதாம் நாள் இரவு பாண்டவர்கள் கிருஷ்ணனோடு பாசறைக்கு வந்து, "உங்களை எப்படி வெல்வது?" என்று கேட்கிறார்கள். பெண்ணாகப் பிறந்தவன் என்பதால் தாம் அம்பு எய்யாத சிகண்டியை முன்னால் நிறுத்தச் சொல்லிக்கொடுக்கிறார். எதிரிக்கு! மறுநாள் போர்க்களத்திலேயே தருமனைப் பார்த்து, "இந்த உடம்பு எனக்கு அலுத்துவிட்டதப்பா. எனக்கு நல்லது செய்ய நினைத்தால், அர்ச்சுனனை முன்னிறுத்தி என்னைக் கொல்லப் பார்" என்கிறார்.

விழுந்தார். அம்பு தைக்காத இடம் உடம்பில் இரண்டு விரற்கடைகூட இல்லை. தலை மட்டும் தொங்குகிறது. அரசர்கள் பஞ்சுத் தலையணைகளோடு ஓடி வருகிறார்கள். "வீரனின் படுக்கைக்கு இதுவா பொருத்தம்?" என்று அர்ச்சுனனைப் பார்க்கிறார். அவன் கண்ணீரோடு மூன்று அம்புகளை எய்து தலைக்கு அணை கொடுக்கிறான்.

கேட்டது கைக்கு வந்தும் உடனே போகவில்லை. அது சூரியன் தெற்கே போகும் தட்சிணாயனம்; வடக்கே திரும்பும் நல்ல காலமான உத்தராயணம் வரட்டும் என்று உயிரைப் பிடித்துக்கொண்டார். அதற்குள் 13-ஆம் நாள் அபிமன்யு, 15-ஆம் நாள் துரோணர், 17-ஆம் நாள் கர்ணன். கடைசி இரவில் அசுவத்தாமன் தூங்கிக்கொண்டிருந்த திரௌபதியின் பிள்ளைகளை வெட்டினான். தாம் கட்டிக் காத்த குலம் அழிந்த பிறகு, வென்றும் அழுத தருமனுக்கு அம்புப் படுக்கையிலிருந்தே அரச தர்மம் சொன்னார். சாந்தி பர்வமும் அனுசாசன பர்வமும் அப்படிப் பிறந்தவைதான்.

"58 இரவுகள் கிடந்துவிட்டேன், நூறு வருஷம்போல இருக்கிறது" என்றார். பிறகு கிருஷ்ணனிடம், "எனக்கு விடை கொடு" என்று கேட்கிறார். நினைத்தபோது சாகும் வரம் பெற்றவர் கேட்கிறார்! வசுக்கள் என்னும் தேவர்களில் ஒருவராக இருந்து மண்ணில் பிறந்தவர் அவர். கிருஷ்ணனும், "தந்தேன், வசுக்களிடம் செல்லுங்கள்" என்று வழியனுப்புகிறான்.