இன்ஜென்யுவஸ்லி: நம்மைப் பற்றி நாமே சொல்லிக்கொள்ள முடியாத ஒரு சொல்

[திரையில்: ஒரு மெயில். அதில் ஒரே ஒரு சொல்லின் கீழ் மஞ்சள் கோடு.]

வணக்கம். சில வருடங்களுக்கு முன்னால் என் மேலாளரைப் பாராட்டி ஒரு மெயில் அனுப்பினேன். வாடிக்கையாளர் ஒருவர் கிளப்பிய பெரிய சிக்கலை அவர் இரண்டே நாளில் தீர்த்துவைத்திருந்தார். “யு சால்வ்ட் இட் இன்ஜென்யுவஸ்லி” என்று எழுதினேன். மிகவும் கெட்டிக்காரத்தனமாகத் தீர்த்தீர்கள் என்று சொல்லிவிட்டதாக எனக்கு நினைப்பு.

பத்து நிமிடத்தில் பதில் வந்தது. அவரும் தமிழர்தான். தமிழிலேயே எழுதியிருந்தார்: “நன்றி. ஆனால் நான் அவ்வளவு வெள்ளந்தி இல்லை தம்பி.”

அகராதியைத் திறந்து பார்த்தேன். காது சூடாகிவிட்டது.

[திரையில்: இரண்டு சொற்கள், ஒன்றின் கீழ் ஒன்று. ஆறாவது எழுத்து மட்டும் சிவப்பில்.]

நான் எழுத நினைத்தது இன்ஜீனியஸ்லி. எழுதியது இன்ஜென்யுவஸ்லி. ஆங்கிலத்தில் எழுதினால் இரண்டிலும் பதினோரு எழுத்துகள். ஆறாவது எழுத்து மட்டும்தான் வேறு. கெட்டிக்காரத்தனத்தில் அந்த இடத்தில் ‘ஐ’ வரும், வெள்ளந்தித்தனத்தில் ‘யு’ வரும். இரண்டுமே சரியான சொற்கள் என்பதால் கணினியின் எழுத்துப்பிழை திருத்தி வாயே திறக்காது.

மறக்காமல் இருக்க ஒரு வழி சொல்கிறேன். இன்ஜீனியஸ்லி என்று சத்தமாகச் சொல்லிப் பாருங்கள். உள்ளே ‘ஜீனியஸ்’ கேட்கிறதா? அது அறிவாளியின் சொல். இன்ஜென்யுவஸ்லி என்று சொல்லுங்கள். ‘ஜென்யுவின்’ என்ற சொல்லின் முதல் நான்கு எழுத்துகள் அதற்குள் அப்படியே இருக்கின்றன. அது போலியில்லாதவரின் சொல். ‘ஜென்’ என்ற இடத்தில் அழுத்திச் சொல்ல வேண்டும்.

சரி, பொருளுக்கு வருவோம்.

அகராதிகள் வெளிப்படையாக, கள்ளமில்லாமல், சூதுவாது அறியாமல் என்றெல்லாம் தரும். தமிழில் இதற்கு மிக நெருங்கிய சொல் வெள்ளந்தியாக. ஆனாலும் பொருளை மட்டும் தெரிந்துகொண்டால் போதாது. எங்கே பொருந்தும், எங்கே பொருந்தாது என்பதில்தான் இந்தச் சொல் எல்லாரையும் வழுக்கிவிடும்.

[திரையில்: ஒரு வீட்டுக் கூடம். சோபாவில் விருந்தினர். எதிரே ஐந்து வயதுக் குழந்தை.]

விருந்தாளி வந்து மூன்று மணி நேரமாகிறது. குழந்தை கேட்கிறது: “மாமா, நீங்க எப்போ கிளம்புவீங்க? அப்பா உள்ளே அம்மாகிட்ட கேட்டுட்டு இருந்தார்.” இதுதான் இன்ஜென்யுவஸ்லி கேட்பது. குழந்தைக்கு யாரையும் புண்படுத்தும் எண்ணம் இல்லை. இதை மறைக்க வேண்டும் என்ற யோசனையே அதற்குத் தோன்றவில்லை.

இப்போது ஒரு வேலை நேர்காணல். “முந்தைய வேலையை ஏன் விட்டீர்கள்?” என்று கேட்கிறார்கள். கல்லூரி முடித்து இரண்டு வருடம்கூட ஆகாத பையன் சொல்கிறான்: “சம்பளம் பத்தலை சார். அதோட எங்க மேனேஜருக்கு என்னைப் பிடிக்காது.” இதுவும் அதேதான். இதே பதிலை இருபது வருட அனுபவம் உள்ள ஒருவர், இதைச் சொன்னால் வேலை கிடைக்காமலும் போகலாம் என்று தெரிந்தே சொன்னால்? அதற்கு கேண்டிட்லி, ஃபிராங்க்லி என்ற சொற்கள் இருக்கின்றன. எதையெல்லாம் மறைக்கலாம் என்று இவருக்குத் தெரியும். தெரிந்தும் மறைக்கவில்லை. பையனுக்கு அந்தக் கணக்கே ஓடவில்லை.

இன்னொன்று. சொல்வது உண்மையாக இருக்க வேண்டும் என்ற கட்டாயம்கூட இந்தச் சொல்லுக்கு இல்லை. இரவுப் பேருந்தில் ஜன்னலோரம் உட்கார்ந்திருக்கும் குழந்தை, “நிலா நம்ம கூடவே வருது” என்கிறது. தகவல் தப்பு. ஆனால் சொன்ன விதம் இன்ஜென்யுவஸ். இந்தச் சொல் பேசுபவரின் மனதைத்தான் பார்க்கிறது, பேச்சைச் சரிபார்ப்பதில்லை. சொன்ன செய்தி மெய்யா என்று சொல்ல வேண்டுமானால் ட்ரூத்ஃபுல்லி இருக்கிறது, கொஞ்சம் புத்தக வாசனையோடு வெரேஷியஸ்லி இருக்கிறது.

அதனால்தான் இந்த வினையடை பெரும்பாலும் பேச்சோடும் முகத்தோடும் வரும். கேட்டாள், சொன்னான், ஒப்புக்கொண்டார், சிரித்தாள் போன்ற வினைகளோடு. மளிகைக்கடைக்காரர் எடை குறையாமல் நிறுத்துக் கொடுத்தால் அது ஆனஸ்ட்லி. அங்கே போய் இன்ஜென்யுவஸ்லி என்று போட்டால், தராசைத் திருத்தி வைத்தால் லாபம் கூடும் என்பதுகூடத் தெரியாத மனிதர் என்று ஆகிவிடும். பாவம், அவர் நேர்மையைப் பாராட்டப் போய் அவர் விவரத்தைச் சந்தேகப்படுகிறோம்.

[திரையில்: பழைய ரோம். நீதிமன்றத் தூண்கள்.]

இந்தச் சொல் பிறந்த கதை எனக்கு மிகவும் பிடிக்கும். கொஞ்ச நேரம் இங்கே நிற்போம்.

லத்தீனில் இன்ஜெனுவுஸ் என்று ஒரு சொல். பிறப்பைக் குறிக்கும் ‘ஜென்’ என்ற வேர் அதில் இருக்கிறது. சமஸ்கிருதம் வழியாக நம்மிடம் வந்த ஜனனம் என்ற சொல்லும் அதே பழைய வேரிலிருந்து கிளைத்ததுதான். ரோமானியச் சட்டத்தில் இன்ஜெனுவுஸ் என்றால் சுதந்திரமாகப் பிறந்தவன். அடிமையாக இருந்து விடுதலை பெற்றவனுக்கு லிபர்டினுஸ் என்று வேறு பெயர். 2ஆம் நூற்றாண்டில் காயுஸ் என்ற சட்ட அறிஞர் எழுதிய பாடநூலே இந்த இரண்டையும் பிரித்துச் சொல்கிறது.

சுதந்திரமாகப் பிறந்ததற்கும் மனதில் பட்டதைப் பேசுவதற்கும் என்ன சம்பந்தம்? ரோமானிய நீதிமன்றங்களில் அடிமை சாட்சி சொல்ல வேண்டுமானால், பொதுவாக அவனைச் சித்திரவதை செய்துதான் அந்தச் சாட்சியத்தை வாங்குவார்கள். வலிக்கப் பயந்துதான் அடிமை உண்மை பேசுவான் என்பது அவர்கள் நம்பிக்கை. எஜமான் முன்னால் அடிமை என்ன பேசினாலும் முதுகை நினைத்துக்கொண்டுதான் பேச வேண்டும். முதுகைப் பற்றிக் கவலைப்படாமல் வாய் திறக்க முடிந்தவன் சுதந்திரமாகப் பிறந்தவன் மட்டுமே. ஆக, ஒளிவுமறைவில்லாத பேச்சு அவனுடைய குணமாகிவிட்டது. குணத்தைப் பற்றிய இந்தச் சொல்லுக்கு அடியில் ஒரு சமூகத்தின் மேல் கீழ் அப்படியே படிந்து கிடக்கிறது. இதைத் தெரிந்துகொண்ட பிறகு, சொல்லின் வெள்ளைநிறத்தை எனக்கு முழுசாக ரசிக்க முடியவில்லை.

இது ஏதோ ஒரு சொல்லுக்கு நேர்ந்த விபத்து என்று நினைக்காதீர்கள். ஃபிராங்க் என்ற சொல்லும் இதே கதைதான். ரோமானியப் பேரரசு தளர்ந்த பிறகு இன்றைய பிரான்ஸ் பகுதியைப் பிடித்து ஆண்டவர்கள் ஃபிராங்குகள். அங்கே முழு உரிமையோடு வாழ்ந்தவர்கள் அவர்களே. அதனால் அவர்கள் இனப்பெயருக்கே சுதந்திரமானவன் என்ற பொருள் வந்தது. பின்னால் அது ‘வெளிப்படையாகப் பேசுபவன்’ ஆயிற்று.

16ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில் இன்ஜென்யுவஸ் ஆங்கிலத்துக்குள் வந்தபோது பெருந்தன்மையான, மேன்மையான என்ற கம்பீரத்தோடுதான் வந்தது. 1755இல் வெளிவந்த சாமுவேல் ஜான்சனின் அகராதியிலும் பெருந்தன்மை, சுதந்திரப் பிறப்பு இரண்டும் இருக்கின்றன. அப்புறம் மெல்ல மெல்ல இறங்கி, உலகம் தெரியாத, விவரம் பத்தாத என்ற இடத்துக்கு வந்துவிட்டது. நாடக உலகத்தில் கள்ளமறியாத இளம்பெண் பாத்திரத்துக்கு ஆன்ஜென்யு என்ற பிரெஞ்சுப் பெயர் இருக்கிறது. அதுவும் இதே குடும்பம்தான்.

[திரையில்: ஒரு பழைய போர்க் கவண்பொறி.]

என்னைக் கவிழ்த்த அந்த இன்னொரு சொல்? இன்ஜீனியஸ் வந்தது இன்ஜெனியும் என்ற லத்தீன் சொல்லிலிருந்து. பிறவியிலேயே வாய்த்த திறமை என்று பொருள். இடைக்காலத்தில் அது போர்ப் பொறிகளையும் குறித்தது. இன்ஜின் அங்கிருந்து வந்தது. வீட்டுக்கு ஒருவர் இருக்கும் இன்ஜினியரும் அங்கிருந்தே வந்தார். இரண்டு சொற்களுக்கும் வேர் ஒன்றே. ஒன்றுவிட்ட அண்ணன் தம்பிகள், முகஜாடை அப்படியே இருக்கிறது.

ஆங்கிலேயர்களே இவர்களை மாற்றி மாற்றிக் கூப்பிட்டிருக்கிறார்கள். அதற்கு அழியாத சாட்சி இன்ஜெனுவிட்டி. அந்தச் சொல்லில் ‘யு’ இருக்கிறது பாருங்கள். முறைப்படி அது வெள்ளந்தித்தனம் என்றுதான் பொருள்பட வேண்டும். ஆரம்பத்தில் அந்தப் பக்கம்தான் இருந்தது. 17ஆம் நூற்றாண்டில் நடந்த குழப்பத்தில் கெட்டிக்காரத்தனம் வந்து அதை எடுத்துக்கொண்டது. சொந்தப் பெயர்ச்சொல்லைப் பறிகொடுத்த இன்ஜென்யுவஸ், பின்னால் ‘நெஸ்’ ஒட்டிக்கொண்டு இன்ஜென்யுவஸ்னெஸ் என்று காலம் தள்ளுகிறது. வெள்ளந்தியின் சொத்தைக் கெட்டிக்காரன் எழுதி வாங்கிக்கொண்டான் என்றால் நமக்குப் புரியாதா என்ன?

[திரையில்: மூடிய பால் பாத்திரம். பக்கத்தில் கண்ணை மூடிய பூனை.]

இன்ஜென்யுவஸ்லியை நீங்கள் அடிக்கடி பார்த்திருக்க வாய்ப்பில்லை. கதைகளில் எப்போதாவது வரும். ஆனால் முன்னால் ‘டிஸ்’ சேர்த்த அதன் எதிர்ச்சொல் ஆங்கிலச் செய்திகளிலும் தலையங்கங்களிலும் தாராளமாகப் புழங்குகிறது. டிஸ்இன்ஜென்யுவஸ்லி. “அமைச்சரின் விளக்கம் டிஸ்இன்ஜென்யுவஸ்” என்று எழுதுவார்கள். ‘பொய்’ என்று எழுதவில்லை, கவனியுங்கள். பொய் என்று எழுதினால் நிரூபிக்க வேண்டும். இது வேறு. எல்லாம் தெரிந்துகொண்டே ஒன்றும் தெரியாதது போலப் பேசுவது. சொன்ன ஒவ்வொரு வரியும் தனித்தனியாக உண்மையாக இருக்கும், கேட்பவர் மட்டும் தவறான இடத்தில் போய் இறங்குவார்.

நமக்கு இதை விளக்கவே வேண்டாம். “இந்தப் பூனையும் பால் குடிக்குமா” என்கிறோமே, அந்தப் பூனையின் முகம்தான் இது. முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைப்பது வேறு ரகம், அது அப்பட்டமான பொய். நம் பூனை எதையும் மறுக்கவில்லை. கண்ணை மூடிக்கொண்டு உட்கார்ந்திருக்கிறது, அவ்வளவே.

இப்போது நான் முக்கியமாக நினைக்கும் இடம். ஃபிராங்க்லி, ஆனஸ்ட்லி, கேண்டிட்லி போன்றவற்றை வாக்கியத்தின் தலையில் வைத்து நம்மைப் பற்றி நாமே சொல்லிக்கொள்ளலாம். “ஃபிராங்க்லி, எனக்கு அந்தப் படம் பிடிக்கவில்லை.” தினமும் சொல்கிறோம். “இன்ஜென்யுவஸ்லி, எனக்கு அந்தப் படம் பிடிக்கவில்லை” என்று சொல்லிப் பாருங்கள். நிற்காது. இலக்கணப் புத்தகத்தைத் தேட வேண்டாம், தமிழிலேயே சோதித்துப் பார்க்கலாம். “உண்மையைச் சொல்றேன், எனக்குத் தெரியாது” என்பது சரியாக இருக்கிறது. “வெள்ளந்தியா சொல்றேன், எனக்குத் தெரியாது” என்று ஒருவர் ஆரம்பித்தால் பர்ஸைத் தொட்டுப் பார்த்துக்கொள்வோம். தான் வெள்ளந்தி என்று அறிந்த நிமிடமே ஒருவர் வெள்ளந்தியாக இருப்பது முடிந்துவிடுகிறது. அடுத்தவர்தான் கண்டுபிடித்துச் சொல்ல வேண்டும்.

[திரையில்: ஓலைச்சுவடி.]

வெகுளியாக என்று மொழிபெயர்க்கலாமா என்று கேட்பீர்கள். இன்றைய தமிழில் தாராளமாக. ஆனால் பழைய தமிழில் வெகுளி என்றால் கோபம். “அழுக்காறு அவாவெகுளி இன்னாச்சொல் நான்கும் இழுக்கா இயன்றது அறம்” என்ற குறளில் வருவது கோபம்தான். தொல்காப்பியம் சொல்லும் எட்டு மெய்ப்பாடுகளில் ஒன்றும் அதே வெகுளி. அங்கிருந்து ‘பாவம், ஒன்றும் தெரியாதவன்’ என்ற இடத்துக்கு எப்படி வந்து சேர்ந்தது? உள்ளே தோன்றியதை அடக்கத் தெரியாதவன் என்ற இழை இரண்டையும் சேர்க்கிறது என்பது என் ஊகம். இலக்கணப் புலவர்கள் கோபிக்காமல் இருக்கட்டும்.

நிறத்திலும் ஓர் ஒற்றுமை உண்டு. கேண்டிட் என்பதன் லத்தீன் மூலத்துக்குப் பளிச்சென்ற வெள்ளை என்று பொருள். வெள்ளை அங்கி உடுத்தி ஓட்டுக் கேட்டு வந்ததால்தான் ரோமில் வேட்பாளருக்கு கேண்டிடேட் என்று பெயர். வெள்ளை மனசு என்று நாமும் சொல்கிறோம். வெள்ளை உடுத்தி ஓட்டுக் கேட்பவர்களும் நம்மிடம் உண்டு. அதற்கு மேல் நான் பேசவில்லை.

எங்கே பயன்படுத்தலாம்? கதை எழுதினால், ஒரு பாத்திரத்தின் பேச்சுக்குப் பக்கத்தில் வைக்கலாம், அழகாக உட்காரும். அலுவலக மெயிலில் வேண்டாம். படிப்பவர் கெட்டிக்காரத்தனம் என்று எடுத்துக்கொள்வார், அல்லது உங்களுக்கு எழுத்துப்பிழை என்று நினைப்பார்.

அந்த மெயிலுக்கு வருகிறேன். அகராதியை மூடிவிட்டு இன்னொரு மெயில் போட்டேன். “சார், இன்ஜீனியஸ்லி என்று எழுத நினைத்தேன். இரண்டும் வேறு சொற்கள் என்பதே இன்றுதான் எனக்குத் தெரியும். போன மாத அறிக்கையிலும் இதே தப்பைச் செய்திருக்கிறேன்.” அறிக்கை விஷயத்தை அவர் கவனித்திருக்கவே இல்லை என்பது அப்புறம்தான் தெரிந்தது.

பதில் ஒரே வரி: “இப்போது எழுதினாயே, இதுதான் இன்ஜென்யுவஸ்லி.”