வீடு இலவசம், நாய்க்கு 40 டாலர்

வணக்கம் நண்பர்களே. போன ஞாயிற்றுக்கிழமை என் சித்தி மகன் போன் பண்ணினான். ஒன்பதாவது படிக்கிறான். புதுசாக லேப்டாப் வாங்கிக் கொடுத்திருக்கிறார்கள், அதில் முதல் வேலையாக சிம்ஸ் 4 என்ற கேமை இறக்கிவிட்டான். "அக்கா, வீடு கட்டிட்டேன். பின்னாடி தோட்டம் விட்டு, நாய்க்குன்னு ஒரு மூலையும் ஒதுக்கிட்டேன். நாய் எந்த மெனுவுல இருக்கு? ஒரு மணி நேரமா தேடுறேன்" என்றான். எனக்கு என்ன சொல்வதென்றே தெரியவில்லை. ஏனென்றால் எந்த மெனுவிலும் நாய் இல்லை. அது கடையில் இருக்கிறது.

இன்றைக்கு இதைப் பற்றித்தான் பேசப் போகிறேன். லைஃப் சிமுலேஷன் கேம், அதாவது வாழ்க்கையைத் திரையில் நடத்திப் பார்க்கிற கேம் என்று ஒன்றை எடுத்துக்கொண்டால், செல்லப்பிராணி அந்தக் கேமோடு சேர்ந்தே வர வேண்டுமா, தனியாகக் காசு கொடுத்து வாங்க வேண்டுமா?

சிம்ஸ் 4-இன் பேஸ் கேம், அதாவது அடிப்படை கேம், 2022 அக்டோபர் 18 முதல் இலவசம். யார் வேண்டுமானாலும் இறக்கிக்கொள்ளலாம். மனிதர்களை உருவாக்கலாம், வீடு கட்டலாம், வேலைக்கு அனுப்பலாம், கல்யாணம் பண்ணி வைக்கலாம், குழந்தை பெறலாம். நாயோ பூனையோ வேண்டுமென்றால் 'கேட்ஸ் அண்ட் டாக்ஸ்' என்ற எக்ஸ்பான்ஷன் பேக், அதாவது தனியாக விற்கும் கூடுதல் பகுதி, வாங்க வேண்டும். 2017 நவம்பரில் வந்தது, அறிவித்த விலை 39.99 டாலர். கேம் வெளியானது 2014 செப்டம்பரில். அப்போது அது இலவசமும் இல்லை. ஆக, முழு விலை கொடுத்து வாங்கியவர்கள் மூன்று வருஷத்துக்கு மேல் நாய் இல்லாத ஊரில் வாழ்ந்திருக்கிறார்கள்.

நான் வளர்ந்த வீட்டில் யாரும் பூனை வாங்கியதே கிடையாது. ஒரு ஐப்பசி மழையில் மாடிப்படிக்குக் கீழே, பழைய சாக்குமேல் ஒரு பூனை மூன்று குட்டி போட்டிருந்தது. அம்மா முதல் நாள் திட்டினார். இரண்டாம் நாள் ஒரு கொட்டாங்குச்சியில் பால் வைத்தார். ஒரு வாரத்தில் அதற்குப் பெயர் வைத்தாகிவிட்டது. நாயும் அப்படித்தான். தெருவில் ஒன்று சுற்றிக்கொண்டிருக்கும், ராத்திரி மிச்சச் சோற்றுக்கு வாசலில் வந்து நிற்கும், ஒரு நாள் பார்த்தால் நம் வாசலை அது காவல் காத்துக்கொண்டிருக்கும். விலங்கு என்றால் எனக்குத் தெரிந்தது இதுதான். அது வீட்டோடு வருவது, அல்லது அதுவாக வீட்டுக்கு வருவது. அதனால்தான் வாழ்க்கையை அப்படியே காட்டுகிறேன் என்று சொல்கிற கேமில் ஒரு தெரு நாய்கூட இல்லாதது எனக்கு உறுத்துகிறது.

சரி, இது சிம்ஸ் 4-இல் மட்டும் நடந்ததா என்றால் இல்லை. முதல் சிம்ஸ் 2000-இல் வந்தது. அதில் மீன் தொட்டி இருந்தது, நாய் பூனை இல்லை. 2002-இல் 'அன்லீஷ்ட்' என்ற பேக் வந்த பிறகுதான் அவை வந்தன. சிம்ஸ் 2 2004-இல் வந்தது, அதற்கான 'பெட்ஸ்' 2006-இல். சிம்ஸ் 3 2009-இல், அதன் 'பெட்ஸ்' 2011-இல். ஆக நாலு தலைமுறையிலும் ஒரே கதைதான். முதலில் மனிதர்கள், இரண்டு மூன்று வருஷம் கழித்து விலங்குகள்.

ஆனால் இதில் மூன்றாவதுக்கும் நாலாவதுக்கும் பெரிய வித்தியாசம் இருக்கிறது. சிம்ஸ் 3 பெட்ஸ் பேக்கில் நாய், பூனை, குதிரை மூன்றும் ஒன்றாக வந்தன. அதோடு ஊரைச் சுற்றிப் பிடித்துக்கொண்டு வரும் ஆமை, பாம்பு, பல்லி, பறவை, எலி இனங்கள் எல்லாம் உண்டு. யூனிகார்ன் என்ற ஒற்றைக் கொம்புக் குதிரைகூட இருந்தது. நாயை நாமே இயக்கலாம், அதன் பசி தூக்கத்தையும் மனிதர்களுடையதைப் போலவே பார்க்கலாம். ஒரு வீட்டில் மனிதர்கள் எட்டுப் பேர் வரை இருக்கலாம், விலங்குகளையும் சேர்த்தால் மொத்தம் 10 வரை போகலாம்.

சிம்ஸ் 4-இல் அதையே பிரித்துவிட்டார்கள். நாயும் பூனையும் 2017-இல். கூண்டில் வளர்க்கும் வெள்ளெலி, முள்ளெலி மாதிரியான சின்னப் பிராணிகள் 2018-இல் 'மை ஃபர்ஸ்ட் பெட் ஸ்டஃப்' என்ற பேக்கில், 9.99 டாலர். கோழி, பசு, லாமா (ஒட்டக இனத்துப் பிராணி), முயல் எல்லாம் 2021-இல் வந்த 'காட்டேஜ் லிவிங்' பேக்கில். குதிரை 2023 ஜூலையில் 'ஹார்ஸ் ராஞ்ச்' பேக்கில், அதுவும் 39.99 டாலர். பசு கோழியைக் கணக்கில் சேர்க்காமலே பாருங்கள். நாய், பூனை, எலி, குதிரை என்று முன்பு ஒரே பெட்டியில் வந்ததற்கு இப்போது மூன்று பெட்டி வாங்க வேண்டும், 90 டாலர் ஆகிறது. வீட்டில் இடமும் குறைந்துவிட்டது. நாயையும் சேர்த்து மொத்தமே எட்டுப் பேர்தான். தாத்தா, பாட்டி, அப்பா, அம்மா, நாலு பிள்ளைகள் என்று ஒரு கூட்டுக் குடும்பம் வைத்தால், நாய்க்கு அந்த வீட்டில் இடம் கிடையாது.

இப்போது கேமை உருவாக்குகிறவர்கள் பக்கமும் பேச வேண்டும். நாயைச் சேர்ப்பது சின்ன வேலை என்று யாராவது சொன்னால் நான் ஒத்துக்கொள்ள மாட்டேன். மனித உருவத்துக்கு ஒரு எலும்புக்கூட்டு அமைப்பு செய்து வைத்திருப்பார்கள், நடை, ஓட்டம், உட்காருவது எல்லாம் அதன்மேல் ஏறும். நாலு கால் பிராணிக்கு அது எதுவும் உதவாது, முதலிலிருந்து செய்ய வேண்டும். பெரிய நாய், சின்ன நாய், பூனை என்று ஒவ்வொன்றும் தனி வேலை. அப்புறம், வீட்டில் இருக்கும் ஒவ்வொரு சோஃபாவும் கட்டிலும் படிக்கட்டும் 'என்மேல் நாய் ஏறினால் என்ன ஆகும்' என்று தெரிந்து வைத்திருக்க வேண்டும். மனிதன் நாயைக் கட்டிப்பிடித்தால் இரண்டு உடம்பும் சரியாகப் பொருந்த வேண்டும். இத்தனைக்கும் ஆள் வேண்டும், நாள் வேண்டும், சம்பளம் வேண்டும். அதற்கு விலை கேட்பது தப்பு என்று நான் சொல்லவில்லை.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். கேட்ஸ் அண்ட் டாக்ஸ் நல்ல பேக். சிம்ஸ் 4-இல் நான் அதிக நேரம் செலவழித்தது அதில்தான். உள்ளே நாய்க்கு நாமே தோல் வண்ணம் தீட்டும் வசதி இருக்கிறது, தூரிகை எடுத்து ஓவியம் மாதிரி வரையலாம். எங்கள் தெருவில் இருந்த மணி என்ற நாயை அதில் வரைந்தேன். செம்பழுப்பு உடம்பு, நெஞ்சில் வெள்ளை, ஒரு முன்னங்காலில் மட்டும் வெள்ளைப் பாதம், ஒரு காது மடிந்திருக்கும். மணி போய்ப் பல வருஷம் ஆகிறது. வாலை ஆட்டிக்கொண்டு அது திரையில் நடந்து வந்தபோது தொண்டை அடைத்துக்கொண்டது. அம்மாவைக் கூப்பிட்டுக் காட்டினேன். "காது இன்னும் கொஞ்சம் மடிஞ்சிருக்கும்" என்று மட்டும் சொன்னார். திருத்தினேன்.

அந்தப் பேக்கில் நாயை நாம் நேரடியாக இயக்க முடியாது, அதற்குப் பசிக்கிறதா தூக்கம் வருகிறதா என்று காட்டும் பட்டைகளும் கிடையாது. பல பேருக்கு இது பெரிய குறை. எனக்கு இதுதான் பிடித்திருக்கிறது. நிஜ நாய் எந்தப் பட்டையைக் காட்டியது? தட்டைப் பார்த்து நிற்கும், கதவைப் பிறாண்டும், நாம்தான் புரிந்துகொள்ள வேண்டும். சில நாய்களுக்கு வீட்டுச் சாமான் சிலவற்றைக் கண்டால் பயம், பக்கத்தில் உட்கார்ந்து தேற்ற வேண்டும். உடம்பு சரியில்லையென்றால் கால்நடை மருத்துவரிடம் தூக்கிக்கொண்டு ஓட வேண்டும், அந்த மருத்துவமனையை நாமே நடத்தவும் செய்யலாம். வயதாகி அது சாகும் நேரத்தில், மரண தேவனிடம் வளர்த்தவர் மன்றாடிப் பார்க்கலாம். இவ்வளவு யோசித்துச் செய்தவர்கள்மேல் எனக்கு மரியாதை உண்டு.

என்னால் ஏற்றுக்கொள்ள முடியாதது அதற்கு அடுத்து வந்ததுதான். மை ஃபர்ஸ்ட் பெட் பேக்கில் நாய் பூனைகளுக்கான உடைகளும் சாமான்களும் இருந்தன. ஆனால் நாய் பூனை இருப்பது கேட்ஸ் அண்ட் டாக்ஸ் பேக்கில். ஆக அந்த உடைகளைப் போட்டுவிட முந்தைய 40 டாலர் பேக்கும் கையில் இருக்க வேண்டும். ஒரு பேக்குக்குத் துணையாக இன்னொரு பேக். அது வெளியானபோது ரசிகர்களிடமிருந்து கிளம்பிய எதிர்ப்பு கொஞ்சநஞ்சம் இல்லை. அந்தக் கோபம் நியாயமானதுதான்.

இப்போது வேறொரு ஊருக்குப் போவோம். ஸ்டார்டியூ வேலி. எரிக் பரோன் என்ற ஒரே ஆள் தனியாக உட்கார்ந்து உருவாக்கி, 2016 பிப்ரவரியில் வெளிவந்த பண்ணை கேம், 14.99 டாலர். ஆரம்பத்திலேயே உங்களுக்குப் பூனை பிடிக்குமா நாய் பிடிக்குமா என்று கேட்டுவிடும். தாத்தா விட்டுப்போன பண்ணைக்கு வந்து, கல் பொறுக்கி, விதை போட்டு, முதல் வசந்த காலம் ஓடிக்கொண்டிருக்கும். ஒரு காலையில் கதவைத் திறந்தால் பக்கத்துப் பண்ணை மார்னி அக்கா நிற்பார், கையோடு ஒரு பூனைக்குட்டி. உன் பண்ணை வாசலில் உட்கார்ந்திருந்தது, வைத்துக்கொள்கிறாயா என்று கேட்பார். முதல் தடவை அந்தக் காட்சி வந்தபோது எனக்கு எங்கள் மாடிப்படியும் அந்தச் சாக்கும்தான் ஞாபகம் வந்தது.

அந்தப் பூனை என்ன செய்யும்? பெரிதாக ஒன்றும் செய்யாது. சிம்ஸ் நாய் செய்வதில் பத்தில் ஒரு பங்குகூடக் கிடையாது. தினமும் ஒரு தடவை தடவிக் கொடுக்கலாம், கிண்ணத்தில் தண்ணீர் ஊற்றலாம். மற்ற நேரம் அது பாதையை அடைத்துக்கொண்டு படுத்துக் கிடக்கும். ஆனால் ஒரு விஷயம் பாருங்கள். மூன்றாம் வருஷம் பிறக்கும்போது தாத்தாவின் ஆவி வந்து, நீ எப்படி வாழ்ந்தாய் என்று மதிப்பெண் போடும். சம்பாதித்த பணம், கற்ற தொழில், ஊர்க்காரர்களோடு பழகிய பழக்கம், கல்யாணம், இவற்றுக்கெல்லாம் புள்ளி உண்டு. அதோடு, உன் பூனையோ நாயோ உன்மேல் முழுப் பாசம் வைத்திருந்தால் அதற்கும் ஒரு புள்ளி உண்டு. அந்த ஒரு புள்ளிதான் நான் சொல்ல வருவது. பிராணி பின்னால் ஒட்டவைத்ததாக இல்லை. நல்லா வாழ்ந்தாயா என்று கேட்கும்போது அதையும் சேர்த்தே கேட்கிறார்கள்.

2024 மார்ச்சில் வந்த 1.6 அப்டேட்டில் ஒன்றுக்கு மேல் வளர்க்கலாம் என்று மாற்றினார்கள். முதல் பிராணியின் பாசம் நிறைந்த பிறகு மார்னியிடம் போய் இன்னொன்று வாங்கலாம். பூனைக்கும் நாய்க்கும் 40,000 தங்கம், ஆமைக்கு 60,000. விலைதான், ஆனால் அது கேமுக்குள் பூசணியும் புளூபெர்ரியும் விற்றுச் சேர்த்த காசு. அப்பாவின் கார்டு எண்ணை யாரும் கேட்கவில்லை. அப்டேட்டும் இலவசம்.

அப்போ எனக்கு என்னதான் வேண்டும்? பேஸ் கேமில் ஒரு நாய், ஒரு பூனை. எளிமையாக இருக்கட்டும். இனம் தேர்ந்தெடுக்கும் வசதி வேண்டாம், உடை வேண்டாம், மருத்துவமனை வேண்டாம். தெருவில் ஒன்று நடக்கட்டும், சோறு வைத்தால் வரட்டும், வீட்டுக்குள் விட்டால் சோஃபாவில் ஏறிப் படுக்கட்டும். இதை முதல் நாளே வைத்துவிட்டால், பின்னால் வரும் கட்டில், பேக், ஊர் எல்லாமே நாய் என்று ஒன்று இருக்கிறது என்ற நினைப்போடு உருவாகும். அதன்மேல் நூறு இனம், வண்ணத் தூரிகை, மருத்துவத் தொழில், குதிரை லாயம் என்று விரித்து விற்கட்டும். நானே முதல் ஆளாக வாங்குவேன்.

புதுசாக வருகிறவர்களைப் பார்த்தால் கொஞ்சம் நம்பிக்கையாக இருக்கிறது. கிராஃப்டன் நிறுவனத்தின் இன்சோய் என்ற லைஃப் சிமுலேஷன் கேம் 2025 மார்ச்சில் ஏர்லி ஆக்சஸில் (கேம் முழுசாக முடியும் முன்பே விற்பனைக்கு விடுவது) வந்தபோது வீட்டில் வளர்க்க நாய் பூனை இல்லை. ஆனால் ஏர்லி ஆக்சஸ் முடியும்வரை வரும் கூடுதல் பேக்குகளுக்குக் காசு இல்லை என்று சொல்லியிருந்தார்கள். கனடாவில் ஒரு சின்னக் குழு உருவாக்கும் பாராலைவ்ஸ் இன்னும் ஒரு படி மேலே போய், கட்டண டிஎல்சியே (காசு கொடுத்து வாங்கும் கூடுதல் பகுதி) கிடையாது, எல்லாம் இலவச அப்டேட்தான் என்று அறிவித்தது. நாய், பூனை, குதிரை மூன்றும் அவர்கள் திட்டத்தில் இருக்கின்றன.

கடைசியாக, சித்தி மகனுக்கு நான் சொன்னதையே உங்களுக்கும் சொல்லிவிடுகிறேன். முழு விலைக்கு எதையும் வாங்காதீர்கள், இந்தப் பேக்குகள் அடிக்கடி தள்ளுபடியில் வரும், அதுவரை பொறுங்கள். ஒன்றே ஒன்றுதான் வாங்க முடியும் என்றால் கேட்ஸ் அண்ட் டாக்ஸ் வாங்குங்கள். அது கையில் இல்லாமல் மை ஃபர்ஸ்ட் பெட் பக்கம் போகவே போகாதீர்கள். பூனை வேண்டும், கையில் காசு குறைவு என்றால் ஸ்டார்டியூ போதும். அவனுக்கு அதைத்தான் வாங்கிக் கொடுத்தேன். நேற்று ராத்திரி மெசேஜ் வந்தது. மார்னி வந்துவிட்டாராம். பூனைக்குப் பெயர் 'கருப்பாயி' என்று வைத்திருக்கிறானாம். சிம்ஸ் வீட்டில் அந்த மூலை அப்படியே இருக்கட்டும், தள்ளுபடி வரும்வரை செடி எதுவும் வைக்காதே என்று சொல்லியிருக்கிறேன்.