ரோயோ இலையும் ஒரு துளி உப்புத் தண்ணீரும்: செல் சவ்வு வேலை செய்வதைப் பார்த்தாச்சு!

வணக்கம் மக்களே! இன்றைக்குச் சுற்றி வளைக்கப்போவதில்லை, நேராக மேட்டருக்கு வருகிறேன். ரோயோ வேலை செய்துவிட்டது! நம் மாடித் தொட்டியில் மேலே பச்சையும் அடியில் ஊதாவுமாக ஒரு செடி இருக்குமே, பழைய வீடியோக்களில் என் முதுகுக்குப் பின்னால் எப்போதும் நின்றுகொண்டிருக்குமே, அதுதான். அந்த இலையின் அடித்தோலை உரித்து மைக்ரோஸ்கோப்பில் வைத்து உப்புத் தண்ணீர் விட்டேன். செல்லுக்குள் இருந்த ஊதா அப்படியே ஓரத்தை விட்டு விலகி நடுவில் போய்ச் சுருண்டுகொண்டது. ஃபோனில் பிடித்திருக்கிறேன், கொஞ்ச நேரத்தில் போடுகிறேன்.

அதற்கு முன்னால் கவர் ஸ்லிப் கதையைச் சொல்லாவிட்டால் எனக்குத் தூக்கம் வராது. ஸ்லைடின் மேல் வைக்கிற குட்டிக் கண்ணாடிச் சதுரம், அவ்வளவுதான். ஆன்லைனில் ஒரு டப்பா 240 ரூபாய், டெலிவரிக்குத் தனியாக 60. வந்த டப்பாவைத் திறந்தால் எல்லாம் ஒன்றோடொன்று ஒட்டிக்கொண்டு கண்ணாடிக் கட்டி மாதிரி இருக்கிறது. நகத்தால் பிரிக்கப் போனால் பொடிப்பொடியாக உடைகிறது. திருப்பி அனுப்பலாம் என்றால் 'இந்தப் பொருளுக்கு ரிட்டர்ன் கிடையாது'. கண்ணாடிக்கு 300 ரூபாய் கொடுத்துக் கையில் கீறல் வாங்கியதுதான் மிச்சம். அப்புறம் ஆஸ்பத்திரிக்கு எதிரே இருக்கிற லேப் சாமான் கடைக்குப் போனேன். அதே டப்பா 70 ரூபாய்! கடைக்கார அண்ணன் என் பழைய டப்பாவைப் பார்த்துவிட்டு, "தம்பி, ஈரப்பதத்தில் ஒட்டிக்கும். ஸ்பிரிட்டில் கொஞ்ச நேரம் போட்டு வை, தானாகப் பிரியும்" என்றார். பிரிந்தது. இப்போது என்னிடம் ஒரு ஆயுளுக்குத் தேவையான கவர் ஸ்லிப் இருக்கிறது. அந்த ஸ்பிரிட் பாட்டிலை மறக்காதீர்கள், பின்னால் அதற்கு ஒரு வேலை இருக்கிறது.

சரி, எதற்கு இந்தப் பாடு? அக்கா மகள் பதினொன்றாம் வகுப்பு. பள்ளிக் கண்காட்சிக்குத் தெர்மாகோலில் செல் மாடல் செய்திருந்தாள். செல் சவ்வுக்குத் தடியாக, விறைப்பாக, செங்கல் கோடு போட்ட ஒரு சுவர். அவளைக் குற்றம் சொல்ல முடியாது, கடையில் விற்கிற சார்ட்டிலும் கிட்டத்தட்ட அப்படித்தான் இருக்கிறது. அந்தச் சார்ட்டுகள் எனக்குச் சுத்தமாகப் பிடிக்காது, உங்களுக்கே தெரியும். தாவரச் செல்லில் சுவர் என்று ஒன்று தனியாகவே இருக்கிறது, செல்லுலோஸால் ஆனது. சவ்வு அதற்கு உள்ளே, செல்லைச் சுற்றி இருக்கிற மெல்லிய படலம். இந்த இரண்டையும் ஒன்றாகக் குழப்பினால் மேற்கொண்டு ஒன்றுமே புரியாது. ரோயோ தோலில் அந்த இரண்டும் கண்முன்னால் பிரிகிறது, அதற்காகத்தான் அதைத் தேடிப் பிடித்தேன்.

இப்போது வீடியோவைப் பாருங்கள். தேன்கூடு போல அறுகோணமாகத் தெரிகிறதே, அந்தக் கோடுகள் சுவர். உள்ளே ஊதாவாக நிரம்பி நிற்பது வாக்குவோலில், அதாவது செல்லுக்குள் இருக்கிற தண்ணீர்ப் பையில், இருக்கிற ஆந்தோசயனின் நிறமி. கவர் ஸ்லிப்பின் ஒரு ஓரத்தில் உப்புத் தண்ணீர் ஒரு சொட்டு வைக்கிறேன், எதிர் ஓரத்தில் டிஷ்யூ பேப்பரைத் தொடுகிறேன். பேப்பர் இந்தப் பக்கம் உறிஞ்ச உறிஞ்ச, உப்புத் தண்ணீர் அந்தப் பக்கம் உள்ளே வருகிறது. இங்கே, இந்த மூலையைப் பாருங்கள். முதலில் மூலைகளில்தான் விலகுகிறது. அப்புறம் பக்கங்கள். கடைசியில் ஊதா உருண்டையாகி நடுவில் நிற்கிறது, சுவர் இருந்த இடத்திலேயே இருக்கிறது. நிறம் முன்பைவிட அடர்த்தியாகிவிட்டது, கவனித்தீர்களா? தண்ணீர் மட்டும் வெளியே போயிருக்கிறது, நிறமி போகவில்லை.

அந்த உருண்டைக்கும் சுவருக்கும் நடுவில் வெளுப்பாக ஒரு இடைவெளி இருக்கிறதே, அதில் என்ன இருக்கிறது? காலி இல்லை. நான் ஊற்றிய உப்புத் தண்ணீர்தான் அது! சுவர் உப்பைத் தாராளமாக உள்ளே விட்டுவிட்டது. தடுத்தது சவ்வு. இந்த ஒரு இடைவெளியைக் காட்டினால் போதும், தெர்மாகோல் சுவரைத் தூக்கிப் போட்டுவிடலாம். புத்தகத்தில் இதற்குப் பெயர் பிளாஸ்மாலிசிஸ், தண்ணீர் இப்படிச் சவ்வைத் தாண்டிப் போவது சவ்வூடு பரவல்.

ஆனால் ஒன்று, நாம் பார்ப்பது சவ்வு நிற்கிற இடத்தைத்தான், சவ்வை அல்ல. சவ்வின் தடிமன் சுமார் 5 முதல் 8 நானோமீட்டர் (ஒரு மில்லிமீட்டரில் பத்து லட்சத்தில் ஒரு பங்குதான் ஒரு நானோமீட்டர்). சாதாரண ஒளி மைக்ரோஸ்கோப்பால் 200 நானோமீட்டருக்குக் கீழே எதையும் பிரித்துக் காட்ட முடியாது. 5000 ரூபாய் மைக்ரோஸ்கோப் என்றாலும் 5 லட்சம் என்றாலும் இதில் கதை ஒன்றுதான்.

அப்படியானால் கண்ணுக்கே தெரியாத இந்தச் சவ்வு, கொழுப்பு மூலக்கூறுகளின் இரண்டு அடுக்கு என்று எப்படிக் கண்டுபிடித்தார்கள்? இந்தக் கதை எனக்கு ரொம்பப் பிடிக்கும். 1925, நெதர்லாந்தின் லைடன். கோர்ட்டர், கிரெண்டல் என்று இரண்டு பேர். சிவப்பணுவை எடுத்துக்கொண்டார்கள். பாலூட்டிகளின் சிவப்பணுவில் நியூக்ளியஸ் கிடையாது, உள்ளே வேறு சவ்வும் கிடையாது, அதனால் கிடைக்கிற கொழுப்பெல்லாம் வெளிச் சவ்விலிருந்து வந்ததுதான். அசிட்டோனால் கொழுப்பைப் பிரித்து, தொட்டித் தண்ணீரின் மேல் ஒரே ஒரு மூலக்கூறு தடிமனுக்குப் பரப்பி அளந்தார்கள். சிவப்பணுக்களின் மொத்தப் பரப்பைப் போல இரண்டு மடங்கு வந்தது. ஆக, இரண்டு அடுக்கு!

வேடிக்கை என்னவென்றால், அசிட்டோன் கொழுப்பு முழுவதையும் பிரித்தெடுக்கவில்லை. சிவப்பணுவின் பரப்பையும் காய்ந்த அணுவை வைத்துக் குறைவாகக் கணக்குப் போட்டிருந்தார்கள். இரண்டு பிழையும் ஒன்றையொன்று சரிக்கட்டி விடை சரியாக வந்துவிட்டது. நம் வகுப்பில் அப்படிப் போட்டால் ஸ்டெப்புக்கு மார்க் கிடையாது.

ஆ, அந்தத் தொட்டியைப் பற்றிச் சொல்லாமல் தாண்டிவிட்டேனே! எண்ணெய்ப் படலத்தைத் தண்ணீர் மேல் பரப்பி அளக்கிற தொட்டிக்கு அமெரிக்க வேதியியலாளர் லாங்முயர் பெயரைச் சொல்வார்கள். அவருக்கு முன்னால் ஜெர்மனியின் பிரவுன்ஷ்வைக்கில் ஆக்னஸ் பொக்கெல்ஸ் என்று ஒரு பெண். பெண்களைப் பல்கலைக்கழகத்தில் சேர்க்காத காலம். வீட்டு வேலையைப் பார்த்துக்கொண்டே சமையலறையில் தகரத் தொட்டி ஒன்றை வைத்துத் தண்ணீர்ப் பரப்பின் இழுவிசையை அளந்தார். 1891இல் இங்கிலாந்து இயற்பியலாளர் ராலே பிரபுவுக்குக் கடிதம் எழுதினார், அவர் அதை 'நேச்சர்' இதழுக்கு அனுப்ப, வெளிவந்துவிட்டது. சமையல் மேடையில் மைக்ரோஸ்கோப் வைத்திருக்கிறேன் என்று வீட்டில் திட்டு விழும்போதெல்லாம் நான் இவரைத்தான் சாட்சிக்குக் கூப்பிடுகிறேன். எடுபடவில்லை.

சரி, அமைப்புக்கு வருவோம். சவ்வில் இருக்கிற முக்கியமான கொழுப்புக்கு (லிப்பிட்) பாஸ்போலிப்பிட் என்று பெயர். அதன் மூலக்கூறுக்கு ஒரு தலை, இரண்டு வால். தலைக்குத் தண்ணீர் பிடிக்கும், வாலுக்குப் பிடிக்காது. தண்ணீரில் போட்டால் வால்கள் உள்ளே ஒளிந்துகொண்டு, தலைகள் இரண்டு பக்கமும் தண்ணீரைப் பார்த்தபடி தாமாகவே அடுக்கிக்கொள்ளும். இந்த மூலக்கூறுகளை ஒன்றோடொன்று கட்டிப்போட எந்த வேதிப் பிணைப்பும் இல்லை! அதனால்தான் அது திரவம். ஒரு லிப்பிட் பக்கத்திலிருப்பதோடு நொடிக்கு ஒரு கோடித் தடவை அளவுக்கு இடம் மாற்றிக்கொள்கிறது. செங்கல் கோடு போட்டவர்கள் இதைக் கேட்க வேண்டும். ஆனால் உள் அடுக்கிலிருந்து வெளி அடுக்குக்குத் தானாகக் குட்டிக்கரணம் போடுவது ரொம்ப அபூர்வம், அதற்குத் தனிப் புரதங்கள் உதவ வேண்டும். உள் அடுக்கில் மட்டும் இருக்க வேண்டிய பாஸ்பாட்டிடைல்செரின் என்ற லிப்பிட் வெளிப்பக்கம் தலைகாட்டினால், 'இந்தச் செல் சாகிறது, வந்து தின்னு' என்று துப்புரவுச் செல்களுக்கு அதுவே தகவல்.

திரவம் என்பதற்கு நேரடிச் சாட்சி 1970இல் ஃபிரை, எடிடின் செய்த சோதனை. எலிச் செல்லையும் மனிதச் செல்லையும் ஒன்றாக இணைத்தார்கள், இரண்டின் சவ்வுப் புரதங்களுக்கும் வேறு வேறு ஒளிரும் நிறம். 37 டிகிரியில் வைத்தால் 40 நிமிடத்தில் இரண்டு நிறமும் முழுக்கக் கலந்துவிட்டது. குளிரில் வைத்தால் கலக்கவில்லை. 1972இல் சிங்கரும் நிக்கல்சனும் ஃபுளூயிட் மொசைக் மாடலை, அதாவது சவ்வு என்பது புரதங்கள் பதிந்த திரவப் படலம் என்ற விளக்கத்தை, எழுதியபோது இதுவும் அவர்கள் கையில் இருந்தது. குளிரில் ஏன் விறைக்கிறது? நெய் உறைவதும் நல்லெண்ணெய் உறையாததும் எதனாலோ அதனால்தான். நேரான வால்கள் நெருக்கி அடுக்கிக்கொள்ளும், இரட்டைப் பிணைப்பால் மடங்கிய வால்கள் அடுக்காது. குளிர்கடல் மீன்களின் சவ்வில் மடங்கிய வால் அதிகம். நம் செல்களில் கொலஸ்ட்ராலும் நடுவில் உட்கார்ந்து, சூட்டில் ரொம்ப இளகாமலும் குளிரில் ரொம்ப இறுகாமலும் பார்த்துக்கொள்கிறது. கொலஸ்ட்ரால் என்றாலே வில்லன் வேடம் கொடுப்பவர்கள் இதைக் கொஞ்சம் கேளுங்கள்.

புரதம்? மனிதச் சிவப்பணுச் சவ்வில் எடைக்கு எடை பார்த்தால் சுமார் 52 சதவீதம் புரதம், 40 சதவீதம் கொழுப்பு. கொழுப்புப் படலம்தான் சவ்வு, புரதம் அங்கங்கே ஒட்டிய பொட்டு என்று நினைத்திருந்தால் கணக்கு தலைகீழ்.

எனக்குப் பிடித்த புரதம் அக்வாபோரின். அமெரிக்க விஞ்ஞானி பீட்டர் ஏகர் ரத்தத்தின் ஆர்எச் புரதத்தை (ரத்த வகையில் பாசிட்டிவ், நெகட்டிவ் என்கிறோமே, அதற்குக் காரணமானது) தேடியபோது கூடவே வந்து ஒட்டிக்கொண்ட ஒன்று. என்ன வேலை செய்கிறது என்று தெரியவில்லை. 1992இல் தவளை முட்டைச் செல்லுக்குள் அதைச் செய்யும் ஆர்என்ஏவை ஊசியால் ஏற்றி, முட்டையைத் தண்ணீரில் போட்டார்கள். ஊசி போடாத முட்டை சும்மா இருந்தது. போட்டது ஊதி டப்பென்று வெடித்தது! தண்ணீருக்கென்றே ஒரு குழாய். ஒரு குழாயில் நொடிக்கு சுமார் 300 கோடித் தண்ணீர் மூலக்கூறுகள், வரிசையில் ஒவ்வொன்றாக. 2003இல் நோபல் பரிசில் பங்கு கிடைத்தது. அந்த ஊதா சரசரவென்று சுருங்கியதில் இந்த மாதிரிக் குழாய்களுக்கும் பங்கு உண்டு.

சோடியம் பொட்டாசியம் பம்பை வேகமாகச் சொல்லிவிடுகிறேன், தேர்வுக்கு எப்படியும் படித்திருப்பீர்கள். இதுவும் ஒரு சவ்வுப் புரதம்தான். மூன்று சோடியம் வெளியே, இரண்டு பொட்டாசியம் உள்ளே, செலவு ஒரு ஏடிபி, அதாவது செல்லின் ஆற்றல் நாணயம் ஒன்று. 1957இல் ஸ்கூ நண்டு நரம்பில் கண்டுபிடித்தார். ஒரு விலங்குச் செல் செலவழிக்கிற ஆற்றலில் கிட்டத்தட்ட மூன்றில் ஒரு பங்கு இந்த ஒரு வேலைக்கே போகிறது.

அந்தச் செலவு வீணில்லை. உள்ளே சோடியம் குறைவாக இருப்பதால் வெளியே இருக்கிற சோடியம் உள்ளே வரத் துடிக்கிறது. குடல் செல்லில் எஸ்ஜிஎல்டி1 என்று ஒரு புரதம், சோடியம் வரும்போது குளுக்கோஸையும் சேர்த்து இழுத்துக்கொண்டு வரும். பின்னாலேயே தண்ணீர் வரும். வயிற்றுப்போக்குக்குக் குடிக்கக் கொடுக்கிற உப்பு, குளுக்கோஸ் கரைசலான ஓஆர்எஸ் முழுக்க முழுக்க இதுதான்! காலராவில் குடல் செல்லின் குளோரைடு வாசல் திறந்துகொண்டு தண்ணீர் கொட்டுகிறது, ஆனால் இந்தப் புரதம் மட்டும் நோயிலும் வேலை செய்துகொண்டே இருக்கிறது. 1971இல் வங்கதேச அகதிகள் மேற்கு வங்கத்தின் பன்கான் முகாமில் குவிந்தபோது சலைன் பாட்டில் தீர்ந்துபோக, டாக்டர் திலீப் மஹலனாபிஸ் உப்பையும் குளுக்கோஸையும் கலந்து டிரம்மில் வைத்துக் குடிக்கக் கொடுத்தார். 30 சதவீதத்தை ஒட்டி இருந்த இறப்பு 3.6 சதவீதத்துக்கு வந்தது.

இப்போதைய பாக்கெட்டில் மொத்தம் 20.5 கிராம், அதில் குளுக்கோஸ் 13.5 கிராம், ஒரு லிட்டர் தண்ணீருக்கு. அரை லிட்டரில் கலக்காதீர்கள், ருசிக்கு இன்னும் இரண்டு ஸ்பூன் சர்க்கரையும் போடாதீர்கள். கரைசல் கெட்டியானால் குடல் செல்லிலிருந்து தண்ணீர் வெளியே போகும். ரோயோவில் பார்த்தது அதேதான். ஓஆர்எஸ் என்று பெயர் மட்டும் வைத்துக்கொண்டு சர்க்கரைத் தண்ணீரை டெட்ரா பேக்கில் விற்றதைப் பார்த்தால் எனக்கு ரத்தம் கொதிக்கும்.

ஸ்பிரிட் பாட்டில்! வேறொரு தோலில் உப்புக்குப் பதில் ஸ்பிரிட் விட்டேன். இதோ பாருங்கள், சுருங்கவே இல்லை. ஊதா அப்படியே கசிந்து வெளியே ஓடுகிறது, செல்லெல்லாம் வெளுத்துவிட்டது. சவ்வு உடைந்தது, செல் செத்தது. இதற்கு மேல் தண்ணீர் விட்டாலும் திரும்ப வராது. உப்பில் சுருங்கியதற்கு நல்ல தண்ணீர் விட்டபோது நிறம் மறுபடி விரிந்து சுவரைத் தொட்டது.

செய்து பார்க்கிறவர்களுக்கு, அளவைச் சொல்ல மறந்தேன்: அரை டம்ளர், அதாவது 100 மில்லி தண்ணீருக்கு ஒரு டீஸ்பூன் உப்பு. இலையை ஊதாப் பக்கத்தை நோக்கிச் சாய்வாகக் கிழியுங்கள், ஓரத்தில் கண்ணாடி மாதிரி மெலிதாக ஒரு தோல் நீட்டிக்கொண்டு நிற்கும், அதை மட்டும் நறுக்கி எடுங்கள். கவர் ஸ்லிப்பைச் சாய்த்து மெதுவாக இறக்குங்கள், இல்லாவிட்டால் காற்றுக் குமிழியைத்தான் செல் என்று படம் பிடிப்பீர்கள். உப்பில் ரொம்ப நேரம் விடாதீர்கள், செல் செத்துவிடும். ரோயோ இலையின் சாறு சிலருக்குக் கையில் அரிக்கும், கழுவிவிடுங்கள். கவர் ஸ்லிப் மட்டும் கடையில் நேரில் போய், டப்பாவைத் திறந்து பார்த்து வாங்குங்கள்.