கண்டியில் தொடங்கிய கடை

அன்பார்ந்த நேயர்களே, வணக்கம்.

கொழும்புக் கோட்டையின் யோர்க் வீதியில் நிற்கும் கார்கில்ஸ் மாளிகையின் செங்கற் சுவர்களையும் நீண்ட வளைவுத் தாழ்வாரத்தையும் ஒருமுறையேனும் பார்த்தவர்கள் அதைத் தலைநகரின் கடை என்றே நினைவில் வைத்திருப்பார்கள். ஆனால் அந்த வணிகம் முளைவிட்டது நமது மலைநாட்டில். 1844ஆம் ஆண்டில் வில்லியம் மில்ன் என்பவர் கண்டியில் தொடங்கிய பண்டகசாலையும் இறக்குமதி வணிகமுமே பிற்காலக் கார்கில்ஸின் மூலம்.

துறைமுகத்தை விட்டு மலைமேல் ஏன் கடை வைத்தார்கள் என்று கேட்டால், விடை கோப்பியில் இருக்கிறது. 1835இல் பிரித்தானியா இலங்கைக் கோப்பிக்கான இறக்குமதித் தீர்வையை மேற்கிந்தியத் தீவுகளின் கோப்பிக்குரிய அளவுக்குக் குறைத்த பின்னர், கண்டியைச் சுற்றியிருந்த காடுகள் வேகமாக அழிக்கப்பட்டுத் தோட்டங்களாயின. அத்தோட்டங்களைத் திறக்க வந்த துரைமாருக்குக் கோடரியும் ஆணியும் வேண்டும், கோதுமை மாவும் தகரத்தில் அடைத்த உணவும் வேண்டும், மருந்தும் மதுவும் சப்பாத்தும் வேண்டும். இவை யாவும் கப்பலில் வந்து கொழும்பில் இறங்கி, மாட்டு வண்டிகளில் கடுகண்ணாவைக் கணவாய் ஏறிக் கண்டியை அடைந்தன. புகைவண்டி கண்டிக்கு வந்தது 1867இல்தான். அதற்கு முந்திய இருபத்து மூன்று ஆண்டுகளும் அந்தக் கடையின் சரக்கு முழுவதும் மாடுகளின் தோளிலும் மனிதர்களின் தலையிலும் ஏறி வந்த சரக்கே.

மில்னின் வணிகத்தில் இணைந்து பங்காளியானவர் டேவிட் சைம் கார்கில். 1826இல் ஸ்கொட்லாந்தில் பிறந்த இவர் மில்னின் நிறுவனத்தில் ஊழியராகச் சேர்ந்து படிப்படியாக உயர்ந்தவர். சில காலம் 'மில்ன், கார்கில்' என்ற பெயரில் நடந்த நிறுவனம், 1860களில் முழுமையாகக் கார்கிலின் உடைமையாயிற்று. அதன் பிறகு அவர் கிளாஸ்கோவில் இருந்தபடியே முகாமையாளர்களைக் கொண்டு இலங்கைக் கடைகளை நடத்தினார்.

இந்தக் குடும்பத்தின் செல்வம் பெருகிய கதை கடையோடு நின்றுவிடவில்லை. 1876இல் ரங்கூன் எண்ணெய்க் கம்பனியை வாங்கிய டேவிட் கார்கில், 1886இல் பர்மா எண்ணெய்க் கம்பனியை நிறுவினார். 1904இல் அவர் மறைந்த பின்னர் மகன் ஜோன் கார்கில் அதன் தலைமையை ஏற்று 1943 வரை அப்பதவியில் இருந்தார். பாரசீகத்தில் எண்ணெய் தேடிய முயற்சிக்குப் பணம் கொடுத்ததும், 1909இல் ஆங்கிலோ பாரசீக எண்ணெய்க் கம்பனியை உருவாக்கியதும் இந்தப் பர்மாக் கம்பனியே. பிற்காலத்தில் பிபி என்று உலகமெங்கும் பெயர் பெற்றது அந்த ஆங்கிலோ பாரசீகக் கம்பனிதான். கண்டிக் கடையில் வணிகம் பழகிய ஒரு குடும்பம் இருபதாம் நூற்றாண்டின் எண்ணெய் அரசியலுக்குள் நுழைந்திருக்கிறது என்பதை நமது பாடநூல்கள் ஒரு வரியிலாவது சொல்லியிருக்க வேண்டும் என்பது என் கருத்து.

மலைநாட்டுக்குத் திரும்புவோம். 1869இல் கண்டறியப்பட்ட இலைநோய் கோப்பியை அழித்தது. தேயிலை அந்த இடத்தைப் பிடித்தது. 1885இல் நானுஓயா வரையும், பின்னர் ஊவாப் பக்கமும் தண்டவாளம் நீண்டது. நுவரெலியாவிலும் பண்டாரவளையிலும் கார்கில்ஸ் கிளைகள் இயங்கின. துரைமார் பெரும்பாலும் கையில் காசு கொண்டு வருவதில்லை. சீட்டு எழுதி அனுப்பினால் சாமான் வரும், கணக்கு மாத முடிவில் தீரும். இறைச்சியும் பாணும் பூட்டிய பெட்டியில் தோட்டத்துக்குப் போகும். 'பீப் பெட்டி' என்று சொல்லப்பட்ட அந்தப் பெட்டியைத் தலையில் சுமந்து பட்டணத்துக்கும் பங்களாவுக்கும் இடையே மைல் கணக்கில் நடந்தவர்கள் நமது மூதாதையர். திருச்சியிலிருந்தும் மதுரையிலிருந்தும் இராமநாதபுரத்திலிருந்தும் புறப்பட்டு, மன்னார் வழியே மாத்தளைக்கு நடந்து வந்த அந்த மக்களுக்கு அரிசியைத் தோட்டமே கொடுத்துச் சம்பளத்தில் பிடித்துக்கொண்டது. மற்றத் தேவைகளுக்குத் தோட்டத்துக் கடையும் பட்டணத்துச் செட்டியார் கடையும் இருந்தன. கார்கில்ஸின் கண்ணாடி அலமாரிக்கு முன்னால் வாடிக்கையாளராக நிற்கும் நிலை அவர்களுக்கு இருக்கவில்லை. நிறுவனத்தின் வரலாறு எழுதப்படும்போது முதலாளிகளின் பெயர்களும் கட்டடக் கலைஞரின் பெயரும் கிடைக்கின்றன; பெட்டி சுமந்த ஒருவரின் பெயரும் கிடைப்பதில்லை. கடையின் கணக்கேட்டில் துரையின் பெயரில் விழுந்த ஒவ்வொரு பற்றையும் தீர்த்த பணம், செக்ரோல் என்ற தோட்டத்து வேலைப் பதிவேட்டில் பெயர் பதிந்த அந்த மக்களின் உழைப்பில் விளைந்தது என்பதை நான் அழுத்திச் சொல்ல விரும்புகிறேன்.

கொழும்பு மாளிகை அந்தத் தேயிலைக் காலத்துச் செழிப்பின் அடையாளம். அது எழுந்த இடத்தில் முன்பு காலிக் கோட்டையின் ஒல்லாந்தத் தளபதியாக இருந்த பீட்டர் ஸ்லூய்ஸ்கனின் இல்லம் இருந்தது; பிரித்தானியரின் முதலாவது தேசாதிபதி பிரடரிக் நோர்த் அதில் வசித்தார். எட்வர்ட் ஸ்கின்னர் வரைந்த திட்டப்படி வோக்கர் சன்ஸ் நிறுவனத்தார் கட்டிய இன்றைய கட்டடம் 1906இல் நிறைவெய்தியது. மருந்து, துணி, தையல், மளிகை எனப் பல பிரிவுகளை ஒரே கூரையின் கீழ் கொண்டிருந்த அத்தகைய கடை அக்காலத்தில் இத்தீவுக்குப் புதுமையாக இருந்தது.

சுதந்திரத்துக்குப் பின்னர் துரைமார் படிப்படியாகக் கப்பலேறினர். 1970களில் தோட்டங்கள் அரசுடைமையாயின, இறக்குமதிகள் கட்டுப்படுத்தப்பட்டன, அலமாரிகள் வெறுமையாயின. 1980களின் தொடக்கத்தில் நிறுவனம் கைமாறியது. வாங்கியது சிலோன் தியேட்டர்ஸ். சேர் சிற்றம்பலம் கார்டினர் 1928இல் தொடங்கிய திரைப்பட நிறுவனம் அது. புதிய நிர்வாகம் 1983இல் கொழும்பு ஸ்டேப்பிள் வீதியில் பூட் சிட்டி என்ற பெயரில் தனது முதலாவது சுப்பர் மார்க்கெட்டைத் திறந்தது. அந்த ஆண்டில் நமது மக்கள் எதை அனுபவித்தார்கள் என்பதை நேயர்களுக்கு நான் விளக்கத் தேவையில்லை. இனக்கலவரத்தில் தமிழரின் கடைகள் எரிந்த அதே ஆண்டில் இந்தப் புதிய கடை முறை வேர்விட்டது என்பதை மட்டும் குறித்துக்கொள்கிறேன். இன்று அட்டனிலும் நுவரெலியாவிலும் லயம் எனப்படும் தோட்டத்து வரிசை வீடுகளிலிருந்து வரும் குடும்பங்கள் கூடையை எடுத்துக்கொண்டு அதன் உள்ளே நடக்கின்றன. தாத்தா வாசலுக்கு அப்பால் செல்லாத கடைப் பெயரின் கீழ் பேத்தி பால்மா தெரிந்தெடுக்கிறாள். இந்த மாற்றத்தை நான் மதிக்கிறேன்.

1999இல் ஹங்குராங்கெத்தையில் மரக்கறிச் சேகரிப்பு நிலையம் ஒன்றைத் திறந்து, இடைத்தரகர் இன்றி விவசாயிகளிடம் நேரடியாக வாங்கும் முறையைக் கார்கில்ஸ் தொடங்கியது. நூற்றைம்பது ஆண்டுகளாகக் கீழிருந்து மேலே வந்த சரக்கு இப்போது மேலிருந்து கீழே போகிறது: லீக்ஸும் கரட்டும் கோவாவும் மலையிலிருந்து இறங்குகின்றன. ஆயினும் நேரடியாக விற்பதற்குச் சொந்தமாக விளைச்சல் வேண்டும், விளைச்சலுக்கு நிலம் வேண்டும். கிராமத்து விவசாயிக்குக் கிடைக்கும் இந்த வாய்ப்பு, லயத்தருகே தோட்டத்துக்குச் சொந்தமான துண்டு நிலத்தில் உருளைக்கிழங்கும் போஞ்சியும் போடும் குடும்பத்துக்கு அதே அளவில் எட்டுவதில்லை. அதன் விளைச்சல் பெரும்பாலும் பட்டணத்துத் தரகரின் விலைக்கே போகிறது. காணி உரிமை பற்றி நமது பிரதிநிதிகள் பேசும் மேடைகளில் இந்தச் சந்தைக் கணக்கும் சேர்த்துப் பேசப்பட வேண்டும்.

உரையாற்ற அழைத்த வானொலி நிலையத்தாருக்கு நன்றி. வணக்கம்.